பொன்னுமணி வழியாக

குரங்கணி மேல் தோட்டம்
19 ஜூன் 1955

தம்பி சுருளிவேலுக்கு அக்கா ராமுத்தாய் எழுதுவது. மலையில் சாரல் பிடித்துவிட்டது. நாங்கள் மூன்று பேரும் சளி, காய்ச்சல் எதுவுமில்லாமல் இருக்கிறோம். பட்டணத்து வெயில் உன் உடம்புக்கு ஒத்துக்கொள்கிறதா? போன வருஷம் வந்த வேனல்கட்டி மறுபடி வராமல் இருக்கிறதா?

ஒரு காரியமாகத்தான் எழுதுகிறேன். உன் மருமகள் பொன்னுமணி சித்திரையிலிருந்து பேசுவதில்லை.

ஏதோ கோபம் என்றுதான் முதலில் நினைத்தேன். எட்டு வயசுப் பிள்ளைக்குக் கோபம் எத்தனை நாள் நிற்கும்? காது நன்றாகக் கேட்கிறது. தண்ணீர் கொண்டா என்றால் கொண்டுவருகிறாள். காலில் அட்டை ஏறினால் தானே உப்பு வைத்துத் தள்ளிவிடுகிறாள். வாயிலிருந்து மட்டும் ஒரு சத்தமும் இல்லை. அழுதால்கூடக் கண்ணீர்தான் வருகிறது. போடியில் வைத்தியர் நாக்கை நீட்டச் சொல்லிப் பார்த்துவிட்டு, "நாக்குல ஒரு கொறையும் இல்ல தாயி" என்றார். குறி சொல்லும் கோடாங்கி ஒருவர், ஓடைக்கரையில் பயந்திருக்கிறாள் என்று சொல்லிக் கயிறு கட்டினார். கயிறு அழுக்கானதுதான் மிச்சம்.

நீ பெரிய ஆஸ்பத்திரியில் கம்பவுண்டராக இருக்கிறாய். டாக்டர்களிடம் கேட்டு ஒரு மருந்து அனுப்பு. கசந்தாலும் குடித்துவிடுவாள்.

சின்னவன் போனதிலிருந்து வீடு ஒரு மாதிரியாகத்தான் இருக்கிறது. அது எந்த வீட்டிலும் உள்ளதுதானே. மற்றபடி இங்கே ஒரு குறையும் இல்லை. உன் மாமா மேஸ்திரி வேலை உண்டு, தான் உண்டு என்று இருக்கிறார்.

பதிலை வெரசா எழுது.

அக்கா
ராமுத்தாய்


சென்னை, புரசைவாக்கம்
3 ஜூலை 1955

அக்காவுக்கும் மாமாவுக்கும் வணக்கம். வேனல்கட்டி இந்த வருஷம் வரவில்லை. மெஸ் சாப்பாட்டில் உப்புக் கூடுதல், அது ஒன்றுதான் குறை. பொன்னுமணியை நினைத்து இரண்டு நாளாக வேலை ஓடவில்லை. சின்னவன் சோலைமலை போன ஐப்பசியில் காய்ச்சலில் இறந்தபோதும் என்னால் வந்து நிற்க முடியவில்லை. அது இன்னும் உறுத்துகிறது.

தொண்டை டாக்டரிடம் உன் கடிதத்தைப் படித்துக் காட்டினேன். நேற்றுவரை பேசின பிள்ளை, காதும் நன்றாகக் கேட்கிறது என்றால் இது தன் வேலை இல்லை என்று சொல்லி, எங்கள் காம்பவுண்டின் கடைசியில் இருக்கும் இரண்டு அறைக்கு அனுப்பினார். அங்கே ஒரு டாக்டரம்மா இருக்கிறார். சீமையில் படித்துவிட்டு வந்தவர். மனசு சரியில்லாத பிள்ளைகளைப் பார்க்கிறார். ஊசி கிடையாது, மருந்தும் அநேகமாகக் கிடையாது. நாங்கள் கம்பவுண்டர்கள் அதைப் 'பேச்சுக் கச்சேரி' என்று கேலி பேசுவோம். நானும் பேசியிருக்கிறேன்.

மருந்து கேட்ட எனக்குக் கேள்விகளைத்தான் கொடுத்தார். பிள்ளை யார் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிடுகிறாள்? வீட்டில் யார் யாரோடு பேசுவார்கள்? பேச்சு நிற்பதற்கு முன்னால் அவள் எப்படிப்பட்ட பேச்சுகள் பேசினாள்? கடைசியாகப் பேசியது என்ன, யாரிடம்? இதையெல்லாம் உனக்கு எழுதக் கூச்சமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் எழுது அக்கா. அந்த அம்மாள் கேட்ட விதத்தில் கேலி செய்ய எனக்கு மனசு வரவில்லை.

மாமாவுக்கு முட்டிவலி எப்படி? தைலம் ஒன்று தனியே அனுப்பியிருக்கிறேன்.

உன் தம்பி
சுருளிவேல்


குரங்கணி மேல் தோட்டம்
17 ஜூலை 1955

தம்பிக்கு அக்கா எழுதுவது. தைலம் வந்தது. பலகையில் வைத்தேன், உன் மாமா எடுத்துத் தேய்த்துக்கொள்கிறார். எல்லோரும் சுகம்.

மருந்து கேட்டால் கதை கேட்கிறார்கள். இருந்தாலும் நீ கேட்டதற்காக எழுதுகிறேன். பொன்னுமணி அடுப்படியில் என் பக்கத்தில் சாப்பிடுவாள். உன் மாமா வாசல் பக்கம் உட்கார்ந்து சாப்பிடுவார். எங்கள் வீட்டில் யாருக்கும் யாரோடும் சண்டை கிடையாது. அக்கம்பக்கத்தில் யாரை வேண்டுமானாலும் கேட்கலாம். ஏலக்காய் எடுக்க வருகிற பெண்கள்கூட, "ஒங்க வீட்டுல மட்டும் ஒரு சத்தம் கேக்குறதில்லயே, மேஸ்திரி பொஞ்சாதி" என்று சொல்வார்கள்.

பிள்ளை முன்னே எப்படிப் பேசுவாள் என்று கேட்டிருக்கிறாய். கிளி மாதிரி பேசுவாள். வீட்டுக்கு அவள்தான் தபால்காரி. அங்கிட்டு ஓடி, "அப்பா, வெந்நீ வச்சாச்சாம், குளிக்கணுமாம்" என்பாள். இங்கிட்டு ஓடிவந்து, "ஆத்தா, அப்பா நாளைக்குப் போடிக்குப் போறாராம், வெள்ள வேட்டி வேணுமாம்" என்பாள். ஒரு சொல்லை மறக்க மாட்டாள். இந்த வயசில் இத்தனை பொறுப்பான பிள்ளையை நான் பார்த்ததில்லை. அவளுக்குப் போய் இப்படி ஆகிவிட்டது.

கடைசியாக என்ன பேசினாள் என்பது எனக்கு நினைவில்லை.

மழை கனக்கிறது. நீ குடை இல்லாமல் வெளியே போகாதே.

அக்கா
ராமுத்தாய்


சென்னை
30 ஜூலை 1955

அன்புள்ள அக்கா, நான் நலம். இங்கேயும் சாயங்காலமானால் ஒரு தூறல் விழுகிறது. குடை வாங்கிவிட்டேன்.

உன் கடிதத்தை டாக்டரம்மா இரண்டு தரம் வாங்கிப் படித்தார். பென்சிலை எடுத்து நாலு சொல்லுக்கு அடியில் கோடு போட்டார். வச்சாச்சாம், குளிக்கணுமாம், போறாராம், வேணுமாம். "பார்த்தீங்களா கம்பவுண்டர், இந்தக் குழந்தை பேசினது எல்லாமே 'ஆம்'னு முடியுது. எல்லாம் வேற யாரோ சொன்னது. இவ சொந்தமா என்ன பேசினா?" என்றார்.

"வேட்டி வேணும்னா அவர் பெண்டாட்டிகிட்ட அவரே கேட்கக் கூடாதா?" என்று அடுத்த கேள்வி. எங்கள் பக்கத்தில் மற்றவர் எதிரே புருஷனும் பெண்டாட்டியும் அதிகம் பேசிக்கொள்வதில்லை என்று நான் சமாளித்தேன். "மற்றவர்னா யாரு? அந்த வீட்டிலே மூணு பேர்தானே?" என்றார்.

அக்கா, ஒளிக்காமல் கேட்கிறேன். நீயும் மாமாவும் நேருக்கு நேர் பேசி எத்தனை நாளாகிறது? எதனால் நின்றது?

எதுவாக இருந்தாலும் நீ கொஞ்சம் பணிந்து போ. ஆம்பளைக்கு ஆயிரம் தொல்லை இருக்கும். முதல் வார்த்தை பொம்பளையிடமிருந்து வந்தால் குடும்பம் கெட்டுப்போகாது. உடம்பைப் பார்த்துக்கொள்.

சுருளிவேல்


சென்னை
12 செப்டம்பர் 1955

அக்காவுக்கு, அங்கே எல்லோரும் நலமாக இருக்க வேண்டும் என்று மருதமலை முருகனை வேண்டிக்கொண்டு எழுதுகிறேன். ஆவணியும் முடியப்போகிறது. என் கடிதம் கிடைத்ததா, மழையில் குரங்கணியிலேயே தங்கிவிட்டதா தெரியவில்லை. பொன்னுமணிக்குப் பூப்போட்ட கவுன் ஒன்று அனுப்பினேன். அதற்கும் பதில் இல்லை.

நான் உனக்குப் புத்தி சொன்னதை டாக்டரம்மாவிடம் பெருமையாகச் சொன்னேன். "உங்களை யார் பஞ்சாயத்துக்குக் கூப்பிட்டாங்க? நான் கேட்கச் சொன்னது கேள்வி. தீர்ப்பு இல்லை" என்று முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார். அந்தப் பகுதியை நீ அடித்துவிட்டுப் படித்துக்கொள் அக்கா. கேள்வி மட்டும் நிற்கட்டும்.

தம்பி
சுருளிவேல்


குரங்கணி மேல் தோட்டம்
29 செப்டம்பர் 1955

தம்பிக்கு, இங்கே சுகம், அங்கே சுகம்தானே. கவுன் அளவாக இருக்கிறது. காய் எடுப்பு நடக்கிறது. விடிந்தால் தோட்டம், அடைந்தால் அடுப்பு. நீ கேட்ட கேள்விக்கு உட்கார்ந்து பதில் எழுத எனக்கு ஒழியவில்லை. பிள்ளை அப்படியேதான் இருக்கிறாள்.

அந்த டாக்டரம்மாவுக்குக் கல்யாணம் ஆகியிருக்கிறதா?

ராமுத்தாய்


சென்னை
16 அக்டோபர் 1955

மாமாவுக்கும் அக்காவுக்கும் சேர்த்து எழுதுவது. நான் நலம். மாமா, முட்டிவலிக்குத் தைலம் கேட்டதா? இந்தக் கவரின் மேல் உங்கள் இரண்டு பேர் பெயரையும் எழுதியிருக்கிறேன். அப்படித்தான் எழுத வேண்டும் என்பது டாக்டரம்மாவின் உத்தரவு.

அக்கா, உன் கேள்வியைச் சொன்னதும் அவர் வாய்விட்டுச் சிரித்தார். "ஆகியிருக்கு. அவரும் நானும் முகம் கொடுக்காம இருந்த காலமும் உண்டு. அப்படியே எழுதுங்க" என்றார்.

அங்கே என்னதான் செய்கிறார்கள் என்று நீங்கள் நினைக்கலாம். போன வாரம் சத்து மாத்திரை கொடுக்க அந்த அறைக்குப் போனேன். யார் என்ன ஊர் என்று சொல்லக்கூடாது. ஒரு வாலிபன், வேலைக்குப் போகாமல் சுவரைப் பார்த்துப் படுத்தே இருக்கிறானாம். தகப்பன், தாய், தங்கை எல்லோரையும் வட்டமாக உட்கார வைத்திருந்தார். பையனிடம் அவன் நோயைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. "உங்க அப்பா மனசிலே உன்னைப் பத்தி என்ன ஓடுதுன்னு நினைக்கிறே?" என்று கேட்டார். அவன், "நான் செத்துத் தொலைஞ்சா நிம்மதின்னு" என்றான். தகப்பனார் கையில் இருந்த துண்டைக் கீழே போட்டுவிட்டார். "டேய், நீ மூச்சு விடுறியான்னு தினம் வந்து பாத்துட்டுப் போறேன்டா" என்றார். நான் மாத்திரையைக் கொடுக்காமலே வெளியே வந்துவிட்டேன்.

நமக்கு அவர் சொன்னது இது. ஒரு மாத காலம் அந்தப் பிள்ளை வழியாக ஒரு சொல்லும் போகக்கூடாது, வரக்கூடாது. உப்பு வேண்டும் என்றால் உப்பு வேண்டுகிறவர் கேட்க வேண்டும். அவளைப் பேசு பேசு என்று கெஞ்ச வேண்டாம். பேசவில்லை என்று அடிக்கவும் வேண்டாம். பேசினால் அதிசயப்படவும் வேண்டாம். காய் எடுப்பு முடிந்ததும் பட்டணத்துக்கு வர வேண்டும். பிள்ளையை மட்டும் கூட்டிவந்தால் பார்க்க மாட்டாராம். மூன்று பேரும் வர வேண்டுமாம்.

சுருளிவேல்


குரங்கணி
6 நவம்பர் 1955

மாப்ளை சுருளிவேலுக்குத் தவசி எழுதுவது. நீ சுகமாக இருப்பாய். நான் இருக்கிறேன். எனக்கு எழுத்து அவ்வளவாக வராது, பொறுத்துக்கொள்.

உன் கவரை இங்கே குரங்கணியில் அரிசி எடுக்க வந்த இடத்தில் என் கையில் கொடுத்தார்கள். என் பெயரும் இருந்ததால் பிரித்தேன். பாதையில் ஒரு கல்லில் உட்கார்ந்து எழுத்துக் கூட்டிப் படித்தேன். கோபம் வந்தது. புருசன் பொஞ்சாதி பேசுவதும் பேசாததும் ஆஸ்பத்திரிக் காரியமா? எங்கள் வீட்டுச் சோலியைப் பட்டணத்தில் விரித்துப் போட உன்னை யார் கேட்டது? வீட்டுக்குப் போனதும் கவரைப் பொன்னுமணியிடம் நீட்டி ஆத்தாகிட்டக் குடு என்று சொல்ல வாயெடுத்தேன். அந்த அம்மாள் சொன்னது நினைவு வந்தது. அடுப்புத் திட்டில் நானே வைத்துவிட்டு வெளியே வந்தேன். அதற்கே எனக்கு வேர்த்துவிட்டது.

மாப்ளே, நீ ஆம்பளை, உன்னிடம் சொல்கிறேன். சின்னவனுக்குக் காய்ச்சல் கண்ட அன்றைக்குக் காலையிலேயே கீழே தூக்கிப் போவோம் என்றேன். உன் அக்கா மழை விடட்டும் என்றாள். பெற்றவள் சொல்கிறாளே என்று இருந்துவிட்டேன். அவளுக்குப் பாதை தெரியாது. எனக்குத் தெரியும். மத்தியானத்துக்கு மேல் ஓடை என்ன கதியாகும் என்று இந்த மலையில் என்னைவிட யாருக்குத் தெரியும்? பொழுது சாய அவனைத் தூக்கிக்கொண்டு இறங்கினேன். ஓடை மறித்துவிட்டது. திரும்பி வந்தேன். விடியும்போது பிள்ளை இல்லை.

அன்றையிலிருந்து அவள் என் முகத்தைப் பார்க்கவில்லை. வைதிருந்தால் வாங்கிக்கொண்டிருப்பேன். இந்தத் தோட்டத்தில் யானை எதிரே நின்றிருக்கிறேன். என் வீட்டு வாசலில் காலை வைக்கத்தான் பயமாக இருக்கிறது.

இப்போது மறுபடி அதே மழை வந்துவிட்டது. நீ உன் அக்காவுக்கு எழுது. நான் சொன்னேன் என்று எழுதாதே. மாமா வேணுமென்று செய்யவில்லை என்று மட்டும் எழுது.

தவசி


குரங்கணி மேல் தோட்டம்
10 நவம்பர் 1955

தம்பிக்கு அக்கா எழுதுவது. உன் உடம்பு நலமா? எனக்கு நெஞ்சில் சளி கட்டியிருக்கிறது, அதுவாகச் சரியாகும்.

உன் கடிதம் அடுப்புத் திட்டில் இருந்தது. கவர் பிரித்திருந்தது. படித்திருக்கிறார். ஒன்றும் சொல்லவில்லை. நான் சொல்கிறேன், கேள்.

மழை விடட்டும் என்ற சொல் என் வாயிலிருந்து வந்தது. காலையிலேயே அவர் கிளம்பி நின்றார். பச்சைப் பிள்ளை, ஈரத்தில் போனால் ஜன்னி கண்டுவிடும் என்று பயந்து நான்தான் தடுத்தேன். ஒரு சொல், தம்பி. சோலைமலையைப் புதைத்துவிட்டு வந்தவர் தலையைக் குனிந்துகொண்டு வாசலில் உட்கார்ந்தார். இன்றுவரை நிமிரவில்லை. என் முகத்தைப் பார்த்தால் அந்தச் சொல் காதில் கேட்கும் என்றுதானே? அப்படிப்பட்ட மனுசனிடம் நான் வெந்நீர் ஆறுது வாங்க என்று எப்படிச் சொல்லுவேன்? பொன்னுமணியிடம் சொன்னேன். மறுநாளும் சொன்னேன். அப்படியே வழக்கமாகிவிட்டது.

அவள் கடைசியாகப் பேசியது எனக்கு நினைவில்லை என்று எழுதினேன் அல்லவா? நினைவிருக்கிறது. சித்திரையில் ஒரு நாள், இனி என்னால் முடியாது என்று துணிமணியை மூட்டை கட்டினேன். "அப்பாகிட்டப் போயிச் சொல்லு, ஆத்தா போடிக்கே போறாளாம், இனிமே வரமாட்டாளாம்னு" என்றேன். "சொல்லிர்றேன் ஆத்தா" என்று போனாள். அதுதான் கடைசி. போனவள் அவர் எதிரே போய் நின்றாள். நான் கதவு இடுக்கில் பார்த்துக்கொண்டு நின்றேன். அவர், "என்னடா, ஆத்தா என்ன சொல்லுது?" என்று கேட்டார். பிள்ளை வாயைத் திறந்தாள். மூடினாள். அப்படியே நின்றாள். அதற்குப் பிறகு அவள் வாயிலிருந்து ஒரு சொல்லும் வரவில்லை. நான் மூட்டையைப் பிரித்துவிட்டேன். நான் அப்படிக் கிளம்பினது அவருக்கு இன்றுவரை தெரியாது.

உன் டாக்டரம்மா கண்ணாடி போட்டவரோ என்னவோ, மலைமேல் இருக்கிற வீட்டைப் பட்டணத்திலிருந்து பார்த்துவிட்டார்.

உன் மாமாவுக்கு நீ ஒரு கடிதம் எழுது, தம்பி. உன் பேச்சைக் கேட்பார். நான் சொன்னதாக வேண்டாம். அக்கா தினமும் அதை நினைத்து வேகிறாள் என்று எழுது.

ராமுத்தாய்


சென்னை
24 நவம்பர் 1955

மாமாவுக்கும் அக்காவுக்கும், இருவரின் உடல்நலத்துக்கும் வேண்டிக்கொண்டு எழுதுவது. அக்கா சளிக்குத் துளசிக் கஷாயம் வைத்துக் குடிக்கவும்.

உங்கள் இருவரிடமிருந்தும் தனித்தனியே எனக்குக் கடிதம் வந்தது. இருவரும் அடுத்தவருக்கு ஒரு சொல் எழுதச் சொல்லியிருந்தீர்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தவன் நான் ஒருவன்தான். அன்றே உட்கார்ந்து உங்களுக்கு ஆளுக்கொரு கடிதம் எழுதி, தபால்தலை ஒட்டி, ஓட்டமாக டாக்டரம்மாவிடம் கொண்டுபோனேன். அவர் வாங்கிப் படிக்கவே இல்லை. "எட்டு வயசுக் குழந்தை தாங்க முடியாம இறக்கி வச்ச சுமை. அதை நீங்க தூக்கிக்கப் போறீங்களா?" என்று கேட்டார்.

இரண்டையும் கிழித்துவிட்டேன். இதைவிடக் கஷ்டமான காரியம் நான் செய்ததில்லை.

நான் எதையும் கொண்டுவரப் போவதில்லை. மாமா அக்காவிடம் சொல்ல ஒன்று இருக்கிறது. அக்கா மாமாவிடம் சொல்ல ஒன்று இருக்கிறது. அதற்கு மேல் ஒரு எழுத்தும் எழுத மாட்டேன். அங்கே சொல்ல முடியவில்லை என்றால் மூன்று பேரும் இங்கே வாருங்கள். அந்த அறையில் நாற்காலிகள் இருக்கின்றன. நான் வெளியே நிற்கிறேன்.

சுருளிவேல்


சென்னை
20 டிசம்பர் 1955

அக்கா, மாமா, நலமா? புயலில் ரயில் ஓடவில்லை என்றார்கள், இப்போது ஓடுகிறது. நான் எழுதியது தவறாகப் போய்விட்டதோ என்று தூக்கம் வரவில்லை. இந்தக் கார்டு கண்டதும் ஒரு வரி போடுங்கள்.

சுருளிவேல்


குரங்கணி மேல் தோட்டம்
8 ஜனவரி 1956

என் தம்பி சுருளிவேலுக்கு அக்கா எழுதுவது. எனக்குச் சளி விட்டது. உன் மாமாவுக்கு முட்டிவலி அப்படியேதான். பனி கொட்டுகிறது, வெயிலும் நன்றாக அடிக்கிறது. உன் கார்டும் வந்தது. ஒரு வரியில் எழுதக்கூடிய சங்கதியாக இல்லாததால் தள்ளிக்கொண்டே போய்விட்டது.

உன் கடிதம் வந்த அன்று மழை. தோட்டத்தில் வேலை இல்லை. இவர் கவரைப் பிரிக்காமலே கையில் கொண்டுவந்து என் எதிரே நின்றார். "ரெண்டு பேருக்கும் போட்டிருக்கான்" என்றார். என்னைப் பார்த்துத்தான் சொன்னார். பிறகு அடுப்படியில் உட்கார்ந்து எழுத்துக் கூட்டிப் படித்தார். சொல்ல ஒன்று இருக்கிறது என்கிற இடம் வந்ததும் மடித்துவிட்டார்.

"நீ என்ன எழுதுன அவனுக்கு?" என்று கேட்டார்.

"நீங்க என்ன எழுதுனீங்க?" என்றேன்.

முதலில் சொன்னது அவர்தான், அதை நான் ஒத்துக்கொள்ள வேண்டும். "அன்னைக்கு ஒம் பேச்சக் கேக்காம நான் தூக்கிட்டுப் போயிருக்கணும்" என்றார். அது என் காதில் எப்படி விழுந்திருக்கும் என்று நினைத்துப் பார். "அப்ப நாந்தேன் கொன்னேன்னு சொல்றீங்க. ஒரு வருசமா மனசுல வச்சிருந்து இன்னைக்குச் சொல்லிட்டீங்க" என்று கத்தினேன். "நான் எங்க அப்பிடிச் சொன்னேன்? நீதேன் என்னையக் கொலகாரனப் பாக்குற மாதிரி பாக்காமப் போற" என்று அவரும் கத்தினார். "நான் மொகத்தக் காட்ட மாட்டாமப் போறேன்." "நானுந்தேன்." கூலிக்காரர்கள் குடியிருக்கும் லைன் வீட்டுப் பெண்கள் இரண்டு பேர் என்னவோ ஏதோ என்று ஓடிவந்து பார்த்துவிட்டுப் போனார்கள். எங்கள் வீட்டில் சத்தமே கேட்காது என்று சொன்னவர்கள்.

அப்புறம் இரண்டு பேரும் ஒரே சமயத்தில் நிறுத்தினோம். "நீ ஒன்னையவா நெனச்சுக்கிட்டிருந்த?" என்று கேட்டார். நான் தலையை ஆட்டினேன். அதற்குப் பிறகு நடந்ததை எழுத மாட்டேன். அவர் அழுதது அவருடையது. மூட்டை கட்டினதையும் அன்றே சொல்லிவிட்டேன். கேட்டுவிட்டுப் பிள்ளை பக்கம் திரும்பினார். அவள் மூலையில் இரண்டு காதையும் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். சத்தம் நின்றதும் ஒரு கையை மட்டும் எடுத்தாள்.

அன்று அவள் பேசவில்லை. நாங்களும் கேட்கவில்லை. எங்களுக்கே பேச்சு சரியாக வரவில்லை. உப்பு கொண்டா, விறகு நனையுது, இப்படிப் பேசிப் பழக வேண்டியிருந்தது. பேச ஆரம்பித்தால் சண்டையும் வரும் என்பதை உன் டாக்டரம்மா சொல்லவில்லையே? ஒரு நாள் கம்பளியை யார் வெளியே போட்டது என்று மத்தியானம்வரை சண்டை. பிள்ளை எங்கள் இரண்டு பேர் முகத்தையும் மாறி மாறிப் பார்ப்பாள். ஆத்தா இருப்பாளா போவாளா என்று பார்க்கிற பார்வை அது. சண்டை முடிந்து நான் சோறு வைப்பதைப் பார்த்த பிறகுதான் எழுந்து விளையாடப் போவாள்.

மார்கழி பாதியில் ஒரு நாள் மூடம் விலகிப் பளீரென்று வெயில் வந்தது. இவர் களத்தில் நின்றார். பழைய பழக்கம் போகுமா? "பொன்னுமணி, ஆத்தாகிட்டச் சொல்லு, வெயிலு வந்துருச்சு, காயப் பரப்பச் சொல்லு" என்றார். நான் உள்ளே இருந்து கேட்டேன்.

"நீங்களே சொல்லுங்கப்பா."

கரகரவென்று, யாரோ பெரிய மனுஷி குரல் மாதிரி இருந்தது. என் கையில் இருந்த முறம் அப்படியே நின்றது. அதிசயப்பட வேண்டாம் என்று நீ எழுதியிருந்தாய். நான் வெளியே ஓடவில்லை, தம்பி. வாயில் சேலையை வைத்துக்கொண்டு நின்றேன். இவரும் அவளை ஒன்றும் சொல்லவில்லை. பிறகு, "ராமுத்தாயி! வெயிலு வந்துருச்சு, காயப் பரப்பு!" என்று கூப்பிட்டார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் என் பெயரை அவர் இவ்வளவு சத்தமாகச் சொல்லிக் கேட்டதில்லை.

அதற்காக எல்லாம் சரியாகிவிட்டது என்று டாக்டரம்மாவிடம் சொல்லிவிடாதே. நாளைக்கு நாலு சொல்தான் பேசுகிறாள். வெளியாள் வந்தால் வாயை மூடிக்கொள்கிறாள். எங்களுக்கும் சில நாள் பேச்சு அடைத்துக்கொள்கிறது. தை பிறந்து காய் எடுப்பு ஓய்ந்ததும் மூன்று பேரும் போடியில் ரயில் ஏறுகிறோம். போகலாம் என்று முதலில் சொன்னது உன் மாமா.

நேற்று நடந்ததையும் எழுதிவிடுகிறேன். மத்தியானம் கஞ்சி ஊற்ற உட்கார்ந்தேன். இப்போது இவரும் அடுப்படியில்தான் சாப்பிடுகிறார். பொன்னுமணி தட்டைத் தொடாமல், "தம்பி எப்பிடிச் செத்தான்?" என்று கேட்டாள்.

அவளுக்கு நாங்கள் சொல்லவே இல்லை. அன்று அவளை லைன் வீட்டில் கொண்டுபோய் விட்டோம். திரும்பி வந்தபோது தம்பி இல்லை. அதோடு சரி. இத்தனை நாளும் அந்தப் பிள்ளை தானாக என்னென்ன நினைத்துக்கொண்டாளோ.

நான் அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்தார். காய்ச்சல் கண்டதிலிருந்து அவர் ஆரம்பித்தார். மழை என்ற இடம் வந்ததும் என் பக்கம் திரும்பினார். "ஆத்தாதேன் மழை விடட்டும்னேன்" என்று நான் சொன்னேன். "அப்பாவும் சரின்னேன்" என்றார் அவர். ஓடையை அவர் சொன்னார். விடிந்ததை நான் சொன்னேன். எங்கே புதைத்தோம் என்று கேட்டாள், இரண்டு பேருமே சொன்னோம். யார்மேல் தப்பு என்று அவள் கேட்கவில்லை. அவனுக்கு ரொம்ப வலித்ததா என்றுதான் கேட்டாள். "தெரியலம்மா. ஆத்தா மடியிலதேன் இருந்தான்" என்றார்.

கஞ்சி ஆறிப்போய் ஏடு கட்டிவிட்டது.

"பசிக்கிது" என்றாள்.

மூன்று தட்டிலும் ஊற்றினேன். சாப்பிட்டோம்.

நாங்கள் வருகிற வரையில் நீயும் நேரத்துக்குச் சாப்பிட்டுச் சுகமாக இரு, தம்பி. வாசல்படியில் உட்கார்ந்து உன் மருமகள் என்னைக் கூப்பிட்டுக் கேட்கிறாள், ஒரு வரி அவள் எழுத வேண்டுமாம். இடம் விட்டிருக்கிறேன்.

அக்கா
ராமுத்தாய்

மாமா நான் ரயில்ல சன்னல் பக்கம்